கேமராவுக்கு முன்னால் வந்து நின்றவர்

இந்தலேசியோ பெரெங்கெல் ஒரு பயந்தாங்கொள்ளி. புறம் பேசுகிறேன் என்று நினைக்க வேண்டாம். அவர் முகத்துக்கு நேராகவே பலமுறை சொல்லியிருக்கிறேன். "பயப்படறதுக்குத்தானேடா எனக்குச் சம்பளம்" என்று சிரிப்பார்.

நான் அப்படியில்லை. இரண்டாம் வகுப்போடு பள்ளிக்கூடத்துக்கு முழுக்குப் போட்டவன். கோவேறு கழுதை வண்டியில் கயிறு திரிக்கிற எஸ்பார்ட்டோ புல் ஏற்றிக்கொண்டு மலையிறங்கியவன். இன்று தெற்கு ஸ்பெயினில் எங்கள் தபெர்னாஸ் சாலையில் என் பெயர் எழுதாத லாரி ஒன்று போனால் அது வெளியூர் லாரி. யார் தயவும் இல்லாமல் இந்த இரண்டு கையால் வந்தது. பாம்பு, போலீஸ், பேங்க் எதுவும் என்னைப் பயமுறுத்தியதில்லை. ஒரே ஒரு நாள் மட்டும் என் முழங்கால் இரண்டும் கழன்றுபோயின. அந்த நாளைச் சொல்ல இந்தலேசியோவைச் சொல்லியாக வேண்டும். அவர் இறந்தபோது அல்மெரியா செய்தித்தாளில் 'உள்ளூர்த் தயாரிப்பாளர் காலமானார்' என்று மூன்று வரி போட்டார்கள். மூன்று வரியில் அடங்குகிற ஆளா அவர்?

அவருடைய முதல் வேலை சைக்கிள் மிதிப்பது. அல்மெரியாவில் அப்போது இரண்டு சினிமாக் கொட்டகைக்கு ஒரே படப்பெட்டிதான் வரும். முதல் கொட்டகையில் ஒரு ரீல் ஓடி முடிந்ததும் அதை மடியில் கட்டிக்கொண்டு இரண்டாவது கொட்டகைக்குப் பறக்க வேண்டும். சங்கிலி கழன்றாலோ, வழியில் ஊர்வலம் குறுக்கே வந்தாலோ, அங்கே திரை வெள்ளையாகிவிடும். ஜனங்கள் நாற்காலியை உடைப்பார்கள். "ஒரு கொட்டகை ஜனம் என் முதுகுல உட்கார்ந்து 'எங்கடா, எங்கடா'ன்னு கத்துற மாதிரியே இருக்கும் ஹினேஸ். அந்த ஜனம் இன்னும் இறங்கலை" என்பார்.

பிறகு இத்தாலிக்காரர்கள் எங்கள் வறண்ட மலைகளைத் தேடி வந்தார்கள், துப்பாக்கிப் படம் எடுக்க. வந்தவர்களுக்கு வெள்ளைக் குதிரை, பிணப்பெட்டி, பல்லில்லாத கிழவர்கள் என்று தினமும் ஒரு தேவை. எல்லாவற்றையும் கொண்டுவந்து நிறுத்தியவர் இந்தலேசியோ. ஒரு படத்துக்குக் கோயில் மணி வேண்டுமென்றார்கள். பாதிரியார் முடியாது என்றார். "ஃபாதர், உங்க மணி அடிக்கிற காட்சியில கெட்டவன்தான் சாவான், நல்லவன் யாரும் சாக மாட்டான், அது என் பொறுப்பு" என்று சொல்லி வாங்கிவந்தார். அந்தப் படத்தின் கதையையே அதற்காக ஓரிடத்தில் மாற்றினார்கள். இப்படித்தான் அவர் புரொடக்‌ஷன் மேனேஜர் ஆனார்.

டைரக்டர் எதை நினைத்தாலும் நினைக்கலாம். அது நடக்கும்போது என்னென்ன விபரீதம் ஆகும் என்று முன்கூட்டியே நடுங்குவதுதான் மேனேஜர் வேலை. இந்தலேசியோ அதற்கென்றே பிறந்தவர். தூக்குமேடைக் காட்சி என்றால் முதலில் தானே ஏறிக் கழுத்தை நீட்டிப் பார்ப்பார். யாரையாவது கட்டிப்போடுகிற காட்சி என்றால் இழுத்தால் அவிழ்கிற முடிச்சுதான் போட வேண்டும். ஒவ்வொரு ஷாட்டுக்கும் முன்னால், ஏதாவது ஆனால் எந்த வழியாக ஓட வேண்டுமென்று துணை நடிகர்களை ஒருமுறை நடக்க வைப்பார்.

"டான் இந்தலேசியோ, நாங்க இந்தக் காட்சியில சாகறவங்க. எங்களுக்கு எதுக்கு நடை?" என்பார்கள் எங்கள் ஊர்க்காரர்கள். 'டான்' என்றால் எங்கள் பக்கம் 'ஐயா'.

"செத்த பிறகு சாப்பாட்டுக்கு எழுந்து வரணும்ல? வழி தெரிய வேண்டாமா?"

இன்னொரு விதியும் அவர் போட்டதுதான். அதில் மட்டும் சிரிப்பே கிடையாது. கேமரா ஓடும்போது யாரும் குரல் எழுப்பக் கூடாது. கேமராவுக்கு முன்னால் யாரும் குறுக்கே வரக் கூடாது. "உங்க அப்பன் கல்லறையிலேர்ந்து எழுந்து வந்தாலும் திரும்பிப் பார்க்காதே. 'கட்' சொல்ற வாய் ஒண்ணே ஒண்ணு. அது டைரக்டர் வாய்." நடு ஷாட்டில் மாமியாரைப் பார்த்துக் கையாட்டிய ஒருவனை அன்றோடு வீட்டுக்கு அனுப்பிவிட்டார். அதன்பின் எங்கள் ஊரில் குதிரை மிதித்தால்கூட வாயை மூடிக்கொண்டு மிதி வாங்குவார்கள்.

என் முழங்கால் கழன்ற வருஷம், செப்டம்பர் கடைசியில் ஒத்தாவியோ என்கிற ரோம் டைரக்டர் வந்தார். எங்கள் ஊர் வறண்ட ஆறான ரம்பிளாவின் நடுவில் ஒரு கிராமம் கட்டச் சொன்னார். எங்கள் ரம்பிளாவில் மணலும் கூழாங்கல்லும்தான். வருஷம் முழுக்க ஆடு மேயும், லாரி போகும். ஆனால் எப்போதாவது மலையில் கொட்டும் மழை, எங்கள் தலைக்கு மேல் ஒரு சொட்டுகூட விழாமல், பட்டை வெயிலில் வெள்ளமாகி, சுவர் போலக் கிளம்பி வரும். எங்கள் கல்லறைத் தோட்டத்தில் வெயிலில் மூழ்கிச் செத்தவர்கள் வரிசையாகப் படுத்திருக்கிறார்கள். வெளியூர்க்காரனிடம் சொன்னால் நம்ப மாட்டான்.

"அங்கே கட்டாதீங்க, கரைமேலே கட்டலாம்" என்று இந்தலேசியோ கெஞ்சினார். ஒத்தாவியோவுக்கு அந்த மணலின் வெளிச்சம் பிடித்துப்போயிருந்தது.

முதல் வாரமே மலைப்பக்கம் மேகம் திரண்டது. இந்தலேசியோ ஷூட்டிங்கை நிறுத்தி எல்லோரையும் கரையேற்றினார். அன்று முழுக்க உட்கார்ந்திருந்தோம். தண்ணீர் வரவில்லை. வழுக்கைத்தலைகள் வெந்ததுதான் மிச்சம். மறுநாள் ரோமிலிருந்து தயாரிப்பாளரின் ஆள் பெல்லாந்தி வந்து குடை நிழலில் உட்கார்ந்தார். எல்லோர் காதிலும் விழும்படி சொன்னார்.

"இன்னொரு தடவை வானத்தைப் பார்த்து நீ ஷூட்டிங்கை நிறுத்தினா, இங்கேருந்து ரோம் வரைக்கும் ஒருத்தன் உனக்கு வேலை குடுக்க மாட்டான். புரியுதா, பயந்த கோழி?"

ரோம் என்றால் அப்போது எங்களுக்குச் சோறு. இந்தலேசியோ தலையை மட்டும் ஆட்டினார்.

பெரிய காட்சி அடுத்த வாரம். கைதிகளை ஒரே கயிற்றில் வரிசையாகக் கட்டி, குதிரை வீரர்கள் ரம்பிளா வழியாக ஓட்டிப்போக வேண்டும். பின்னால் கிராமம் எரியும். எரித்துவிட்டால் திரும்ப எடுக்க முடியாது, ஒரே டேக். புழுதிப் புயலுக்கு நான் பொறுப்பு. பழைய விமான இன்ஜினையும் அதன் சுழல்கிற இறக்கையையும் என் லாரி முதுகில் பூட்டியிருந்தேன். இந்த மாகாணத்திலேயே அப்படியொன்றைப் பூட்டி ஓட்டத் தெரிந்தவன் நான் ஒருவன்தான். அது ஓடினால் பக்கத்தில் பீரங்கி வெடித்தாலும் கேட்காது.

கைதிகள் எங்கள் ஊர்ப் பெண்களும் ஆண்களும். வரிசையின் முதல் ஆள் என் மனைவி அராசெலி. "உனக்கு இத்தனை வருஷம் ஆக்கிப்போட்டதுக்கு இது ஓய்வு. கைதின்னா உட்கார்ந்து சாப்பிடலாம்" என்று கிளம்பிப் போனவள்.

அன்று வானம் கழுவிவைத்த தட்டு மாதிரி நீலமாக இருந்தது. ஃபிலாப்ரெஸ் மலைக்குப் பின்னால் மட்டும் அடிப்பிடித்த சட்டி போல ஒரு கறுப்புக் கோடு. இந்தலேசியோ அதையே பார்த்தபடி தொப்பியைக் கழற்றுவதும் போடுவதுமாக இருந்தார்.

ஒத்தாவியோ கேமராவில் கண்ணை வைத்தார். "இது கயிறா, தலைப்பின்னல் ரிப்பனா? கையை ஆட்டினா அவிழுது! நிஜமாக் கட்டுங்க!"

இந்தலேசியோ வாயைத் திறந்தார். பெல்லாந்தி குடைக்கடியிலிருந்து அவரையே பார்த்துக்கொண்டிருந்தார். இந்தலேசியோவின் வாய் மூடிக்கொண்டது. ஆட்கள் போய் எஸ்பார்ட்டோ கயிற்றால் மணிக்கட்டுகளை நிஜமாகவே கட்டினார்கள். வெளிச்சம் போகிறது, போகிறது என்று டைரக்டர் அவசரப்படுத்தியதில் வழக்கமான அந்த நடையும் அன்று நடக்கவில்லை.

இந்தலேசியோ என் லாரிக்கு வந்தார். முகம் சுண்ணாம்பாக இருந்தது.

"ஹினேஸ், மோந்து பாரு."

"டீசல்."

"அதுக்குக் கீழே. மண்ணு நனைஞ்ச வாசனை வரலை?"

"டான் இந்தலேசியோ, உங்க மூக்கைக் கழற்றி வெயில்ல காயப்போடுங்க. போன வாரமும் இதே மூக்குதான்."

"குதிரையைப் பாருடா."

குதிரைகள் காதைப் பின்னுக்கு மடித்து, எல்லாமே கரைப்பக்கம் தலையைத் திருப்பிக்கொண்டிருந்தன. வீரர்கள் கடிவாளத்தை இழுத்து இழுத்து அவற்றை மணலுக்குள் திருப்பினார்கள்.

"அராசெலி கையில நிஜ முடிச்சு" என்றார் மெதுவாக. "நான் பார்த்துக்கிட்டே நின்னேன்."

அவர் போய்க் கேமராவுக்குப் பக்கத்தில் நின்றார். டைரக்டர் கையை இறக்கினார். நான் இன்ஜினை முடுக்கினேன். மணல் எழும்பி வானத்தை மறைத்தது. அந்தப் பக்கம் கிராமம் தீப்பிடித்தது. கைதிகள் வரிசையாகத் தள்ளாடி வருவது நிழல் மாதிரித் தெரிந்தது. அருமையாகத்தான் இருந்தது. கேமராமேன் ஒரு கையால் தொடையைத் தட்டிக்கொண்டே எடுத்தான்.

வரிசையின் கடைசியில் இருந்தவர்கள் கத்துவது போல வாயைத் திறந்தார்கள். சத்தம் வரவில்லை, என் இன்ஜின் விழுங்கிவிட்டது. கைகளைத் தூக்கப் பார்த்தார்கள், கயிறு இழுத்தது. திரும்பித் திரும்பிப் பார்த்தார்கள். ஒத்தாவியோ சந்தோஷத்தில் தொப்பியைக் கடித்தார். அவர் கேட்டிருந்த நடிப்பு அதுதான். முன்னால் இருந்த அராசெலி திரும்பவே இல்லை. அப்பன் கல்லறையிலிருந்து வந்தாலும் திரும்பக் கூடாது என்று அவளுக்குச் சொல்லிக் கொடுத்தவர் இந்தலேசியோ.

அப்போது இந்தலேசியோ நடந்தார். ஓடவில்லை, நடந்தார். கால் ஒவ்வொன்றும் சேற்றிலிருந்து பிடுங்குவது போல எழுந்தது. கேமராவின் நேர்முன்னால் போய், அதன் கண்ணாடிக்கு இரண்டு விரற்கடை தூரத்தில் தன் முகத்தை வைத்து நின்றுகொண்டார். எரிகிற கிராமமும் புயலும் கைதிகளும் மறைந்து அவருடைய முகம் மட்டும் படத்தில்.

ஒத்தாவியோ கெட்டவார்த்தையில் ஆரம்பித்து 'கட்' என்று முடித்தார். கையை என் பக்கம் வீசினார். நான் இன்ஜினை அணைத்தேன். இறக்கை சுற்றிச் சுற்றி நின்றது.

சத்தம் நிற்கவில்லை.

நான் அணைத்த இன்ஜினின் சத்தம் மலைப்பக்கத்திலிருந்து இன்னும் வந்துகொண்டிருந்தது, கொஞ்சம் கொஞ்சமாகப் பெரிதாகிக்கொண்டு. ஒத்தாவியோவின் திட்டு பாதியில் அறுந்தது. கரையில் இருந்த எங்கள் ஊர்க்காரர் யாரோ, "ரம்பிளா கிளம்பிடுச்சு!" என்று அலறினார்.

குதிரைகள் வீரர்களோடு கரையேறிவிட்டன. கட்டப்பட்டிருந்தவர்களால் முடியவில்லை. பாதிப்பேர் இந்தக் கரைக்கு இழுத்தார்கள், பாதிப்பேர் அந்தக் கரைக்கு. கயிறு விறைத்து எல்லோரும் ஒன்றன்மேல் ஒன்றாக விழுந்தார்கள். அப்போதுதான் என் முழங்கால் கழன்றது. லாரிப் படியிலிருந்து இறங்கியவன் மணலில் உட்கார்ந்துவிட்டேன். முதல் தண்ணீர் வந்தது, ஒரு நாக்கு மாதிரி, மெல்லிசாக, நுரையும் சுள்ளியுமாக என் காலைத் தொட்டது. எஸ்பார்ட்டோ கயிறு நனைந்தால் இறுகும் என்று எங்கள் ஊரில் யாருக்குத் தெரியாது? இரும்புக் கம்பிபோல ஆகிவிடும். பிறகு எந்த விரலாலும் அவிழ்க்க முடியாது.

இந்தலேசியோ என்னைத் தாண்டி ஓடினார். கையில் பன்றித்தொடைக்கறி சீவுகிற நீளக் கத்தி. சாப்பாட்டு மேசையிலிருந்து எடுத்திருக்கிறார். ஓடிக்கொண்டே அழுதுகொண்டிருந்தார், சத்தம் போட்டு.

"மணிக்கட்டைக் காட்டாதீங்க! நடுக்கயிறு! நடுக்கயிறை நீட்டுங்க!"

அவர் ஓடின ஓட்டத்தைப் பார்த்துத்தான் எனக்குக் கால் வந்தது. வந்த பிறகு நான் விடவில்லை. தோளுக்கு ஒருவராக இரண்டு பேரைத் தூக்கிக் கரையில் எறிந்தேன், இதைப் பார்த்தவர்கள் இன்னும் உயிரோடு இருக்கிறார்கள், கேட்டுக்கொள்ளலாம். அராசெலியைப் பிடித்தபோது அவள் என் கையைக் கடித்தாள்.

"என்னை விடு, மடையா! கடைசியில இருக்கறவங்களை இழு, அவங்க படுத்துட்டாங்க!"

தண்ணீர் முட்டிக்கு வந்து இடுப்புக்கு வந்தது. இந்தலேசியோ கடைசிக் கயிற்றையும் அறுத்தார். கரைமேலிருந்து கையோடு கை கோத்து எல்லோரையும் இழுத்தோம். ஒத்தாவியோவும் படுத்துக்கொண்டு இழுத்தார், பெல்லாந்தியும் இழுத்தார், அதையும் சொல்ல வேண்டும். நாங்கள் மேலே வந்து விழுந்த பிறகுதான் அந்தச் சுவர் வந்தது. காவி நிறத்தில், மரமும் பாறையும் செத்த ஆடுமாக. எரிந்துகொண்டிருந்த கிராமம் 'உஸ்' என்று ஒரு சத்தத்தோடு இல்லாமல் போனது. என் லாரி இறக்கையைச் சுற்றிக்கொண்டே மிதந்து போனது.

இந்தலேசியோ ஒவ்வொரு தலையாகத் தொட்டு எண்ணினார். எண்ணி முடித்து, எல்லோரும் இருக்கிறார்கள் என்று தெரிந்த பிறகும் மறுபடி முதல் தலையிலிருந்து ஆரம்பித்தார். அராசெலிதான் அவர் கையிலிருந்து கத்தியை வாங்கினாள். பிறகு அவர் என் காதில் சொன்னார்: "ஹினேஸ், என் கால்சட்டை நனைஞ்சது வெள்ளத்துல இல்லைடா. அதுக்கு முன்னாடியே."

மாலை போட்டிருப்பார்கள் என்று நினைக்கிறீர்களா? இத்தாலி லைட்காரர்கள் அன்று மாலையே அவரைக் கண்டதும் கெட்ட ராசி ஒட்டாமலிருக்க இரும்பைத் தொட ஆரம்பித்தார்கள். போன வாரம் தண்ணீரைக் கூப்பிட்டான், வரவில்லை. இந்த வாரம் கூப்பிட்டான், வந்துவிட்டது. ராசியில்லாத ஆள் என்று பேச்சு. பெல்லாந்தி அவர் இரண்டு கன்னத்திலும் முத்தம் கொடுத்துவிட்டு ரோம் போனார். அடுத்த படத்துக்கு வேறு மேனேஜர். இந்தலேசியோவின் பெயரை வாயால் சொல்வதுகூட நின்றது. 'அந்தத் தபெர்னாஸ்காரன்' என்பார்கள். அல்மெரியாவில் அவர் காபிக்கடைக்குள் நுழைந்தால் சினிமாக்காரர்களின் கை சட்டைப்பைக்குள் போய் இரும்புச் சாவியைப் பிடித்துக்கொள்ளும்.

"பிடிங்கப்பா, பிடிங்க. சாவி தேய்ஞ்சு வீட்டுக்கு வெளியே நிக்கப்போறீங்க" என்பார் அவர். சிரிப்பு உதட்டோடு நின்றுவிடும்.

வேலையில்லாத அந்தக் காலத்தில் அவர் செய்யாத தொழில் இல்லை. ஐஸ் விற்றார். தக்காளித் தோட்டங்களுக்குப் பிளாஸ்டிக் கூரை இழுத்துக் கட்டினார். மத்ரித் போய், வெளிநாட்டுப் படங்களுக்கு ஸ்பானிஷ் குரல் கொடுக்கிற இடத்தில் கூட்டத்தில் ஒருவராகக் கத்தினார். அங்கே 'ஐயோ, தண்ணி!' என்று கத்தச் சொன்ன ஒருநாள் குரல் வராமல் திரும்பிவிட்டார்.

கடைசியில் என்னிடம் வந்து சொன்னார். "யாரும் எனக்கு வேலை குடுக்க மாட்டேங்கிறான். இனிமே நான்தான் எனக்குக் குடுக்கணும்."

அப்படித்தான் அவர் தயாரிப்பாளர் ஆனார். ம்யூனிக் நகரத்து டெலிவிஷன்காரன் ஒருவனைப் பங்காளியாகப் பிடித்தார். ஜெர்மன்காரனுக்கு ராசியில் நம்பிக்கை கிடையாது, நேரத்துக்கு வந்தால் போதும். லாரி என்னுடையது, கேட்கவே வேண்டியதில்லை. ஆனால் ஜனம் வேண்டும். படத்தில் ஒரு சந்தைக் காட்சி. ஊர் மக்கள் வராவிட்டால் ஜெர்மன்காரன் அன்று மாலையே மூட்டை கட்டிவிடுவான், அதோடு எல்லாம் முடிந்தது.

தபெர்னாஸ் சதுக்கத்தில் காலையில் ஒலிபெருக்கியோடு நின்றார். ஒருவரும் வரவில்லை. ஜன்னல்கள் திறந்து மூடின. ராசிப் பேச்சு எங்கள் ஊர் வரைக்கும் வந்திருந்தது. அவர் தொப்பி கையில் சுற்றிக்கொண்டே இருந்தது. வெள்ளம் வருவதற்கு முந்தி இருந்த அதே சுண்ணாம்பு முகம்.

"வர மாட்டாங்க ஹினேஸ். ஏன் வரணும்? அந்த முடிச்சைப் போட விட்டது நான்தானே."

எங்கள் வீட்டுக் கதவு திறந்தது. அராசெலி வந்தாள், வேலைக்குப் போகிற உடையில். அவள் தோளில் ஒரு எஸ்பார்ட்டோ கயிறு, அன்று அறுந்த கயிறு. கொடியில் துணி காயப்போட வைத்திருந்தாள். அதை அவர் கையில் கொடுத்தாள்.

"டான் இந்தலேசியோ, யாரையாவது கட்டணும்னா சொல்லுங்க. முடிச்சு இந்தத் தடவை நான் போடறேன்."

"இது சந்தைக் காட்சிம்மா" என்றார் அவர். "கட்டறதே இல்லை."

"அப்போ கத்தரிக்காயை எங்கே வைக்கணும், அதைக் காட்டுங்க. வெயில் ஏறுது."

அவள் பின்னால் கதவுகள் ஒவ்வொன்றாகத் திறந்தன. அந்தக் கயிற்றில் இருந்தவர்கள்தான் முதலில் வந்தார்கள். அவர் எல்லோரையும் முதலில் வெளியேறும் வழியில் நடக்க வைத்தார். எதுக்கு நடை என்று இந்தத் தடவை ஒருவரும் கேட்கவில்லை, நடந்தார்கள்.

அதன்பிறகு பல படங்கள், சோப்பு விளம்பரங்கள், குழந்தைகளுக்கான டெலிவிஷன் தொடர், ஒரு கிரேக்கன் பாதியில் விட்டுப்போன கடற்கொள்ளைப் படம் என்று என்னென்னவோ செய்தார். அவர் படம் எதிலும் ஆற்றுப்படுகையே இருக்காது. கடற்கொள்ளைப் படத்தைக்கூட மலைமேல் கப்பல் கட்டி எடுத்தார்.

வயதாகி வீட்டோடு இருந்தபோதும் ஃபிலாப்ரெஸ் பக்கம் கறுத்தால் என் தொலைபேசி அடிக்கும்.

"ஹினேஸ், உன் லாரி எங்கே நிக்குது?"

"ரம்பிளாவுலதான். எங்கே நிறுத்தறது, உங்க வீட்டு மாடியிலயா?"

"மோந்து பாருடா."

"மோந்து பார்த்தேன். அராசெலி பூண்டு வதக்கறா."

"ஏத்துடா மேலே."

வாதாடிப் பார்ப்பேன், பிறகு ஆட்களை அனுப்புவேன். பெரும்பாலும் தண்ணீர் வராது.

அவரைப் புதைத்த வாரம் மலைக்குப் பின்னால் அந்தக் கறுப்புக் கோடு தெரிந்தது. நான் தொலைபேசிக்குப் பக்கத்தில் உட்கார்ந்திருந்தேன். அது அடிக்கவில்லை. அடிக்காது என்று தெரியும். அராசெலி அடுப்படியிலிருந்து வந்து என்னைப் பார்த்தாள். நான் எழுந்து டிரைவர்களைக் கூப்பிட்டு, நிற்கிற லாரி எல்லாவற்றையும் கரையேற்றச் சொன்னேன். வானம் பளிச்சென்று இருந்தது. பயல்கள் ஒருவரையொருவர் பார்த்துச் சிரித்துக்கொண்டே ஏற்றினார்கள்.

தண்ணீர் வரவில்லை. மறுநாள் சாயங்காலம் வரைக்கும் நான் ஒரு வண்டியையும் கீழே இறக்க விடவில்லை.